கண்ணாடியில் வரைந்த செவ்வாய்

செவ்வாய்க் கிரகத்தில் எக்ஸ்பிரஸ் நிற்காது. கதை அவ்வளவுதான். பூமியிலிருந்து கிளம்பும் ராக்கெட்டில் கூரை மேலெல்லாம் ஆட்கள் ஏறிக்கொள்கிறார்கள். ஒருவர் ஆட்டுக்குட்டியோடு வருகிறார். வண்டி தாமதம் என்று கரும்பலகையில் எழுதிப் போடுகிறார்கள். ஒருவழியாகப் புறப்பட்டு, நட்சத்திரங்களுக்கு நடுவே ஆடி ஆடிப் போய் ராக்கெட் செவ்வாயை நெருங்குகிறது. அங்கே செவ்வாய்வாசிகள் மாலையோடு காத்திருக்கிறார்கள். ராக்கெட் அவர்களைச் சிதறடித்துக்கொண்டு நிற்காமல் போய்விடுகிறது. செவ்வாய் சின்ன ஸ்டேஷன். அங்கே பாசஞ்சர் மட்டும்தான் நிற்கும்.

மாமா, அதாவது என் அக்காவின் கணவர், இதைச் சொன்னபோது லாலாகுடா ரயில்வே குவார்ட்டர்ஸின் பின்பக்கத் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்த எல்லோரும் சிரித்தோம். மாமா சிரிக்கவில்லை. அவர் வலது கையை இடது கையால் பிடித்து மடியில் வைத்திருந்தார்.

யுத்தம் முடிந்து சில மாதங்கள் ஆகியிருந்தன. செகந்திராபாத் கொட்டகைகளில் வெள்ளைக்காரச் சிப்பாய்களுக்காக வரவழைத்த அமெரிக்கத் தொடர் படங்கள் இன்னும் ஓடிக்கொண்டிருந்தன. தகரக் குழாய் போல ஒரு ராக்கெட், இறுக்கமான உடுப்புப் போட்ட வீரர்கள், வேற்றுக் கிரகத்து ராணி ஒருத்தி. மாமா ஒரு பாகம் விடாமல் பார்த்தார். "இத்தினி தூரம் போறானுங்களே, ஒருத்தன் கையிலயாவது டிக்கெட் கீதா பாரு" என்பார். எங்கள் குடும்பம் அரக்கோணத்துப் பக்கம். அந்தப் பேச்சு ஹைதராபாத் வந்தும் மாறவில்லை.

மாமா ஒர்க்‌ஷாப்பில் பெயிண்டர். ரயில் பெட்டிகளுக்கு எழுத்து எழுதுவது அவர் வேலை. இங்கிலீஷ், உருது, தெலுங்கு மூன்றிலும் எழுதுவார். உருதுவும் தெலுங்கும் படிக்கத் தெரியாது. ஆனால் ஒரு புள்ளி தவறியதில்லை. எந்த நிறத்துக்கும் அடியில் பூசுவது ஒயிட் லெட் என்று சொல்லும் ஈய வெள்ளை. அதைக் கையால் குழைத்து, அதே கையைத் துணியில் துடைத்துக்கொண்டு சாப்பிட்டு, பல வருஷம் கழிந்திருந்தது. ஈயம் உடம்பில் ஏறி முதலில் வயிற்றுவலி வந்தது. பிறகு ஈறில் நீலக்கோடு தெரிந்தது. அப்புறம் வலது மணிக்கட்டு தொங்கத் தொடங்கியது. விரல்கள் மடங்கும், நிமிராது. கையை நீட்டச் சொன்னால் முழங்கை வரை நீளும். அதற்கு அப்பால் இருப்பது வேறு யாருடைய கையோ என்பது போலக் கீழே பார்த்துத் தொங்கும்.

ரயில்வே டாக்டர் லீவு கொடுத்தார். பொங்கல் கழித்துத் திரும்ப வரச் சொன்னார். அப்போதும் இப்படியே இருந்தால் வேலைக்குத் தகுதியில்லை என்று எழுதித்தான் ஆகவேண்டும் என்றார். அப்படி எழுதினால் வேலை போகும். வேலையோடு குவார்ட்டர்ஸும் போகும். அக்கா, அவளுடைய இரண்டு பெண்கள், ஸ்டோர்ஸில் குமாஸ்தாவாகப் புதிதாகச் சேர்ந்திருந்த நான், எல்லோரும் அந்த வீட்டில்தான் இருந்தோம்.

இந்தச் சமயத்தில்தான் சென்னையிலிருந்து ஒரு ஸ்டூடியோக்காரர் வந்தார். ராஜா ராணிப் படங்களுக்கு அரண்மனை கட்டுகிறவர். ஹைதராபாத்தில் வியாழக்கிழமைச் சந்தையில் பழைய சரவிளக்கு, கேடயம், பல்லக்குத் துணி எல்லாம் மலிவாகக் கிடைக்கும் என்று தேடி வந்திருந்தார். எங்கள் வரிசையில் இருந்த தன் உறவினர் வீட்டில் தங்கினார். ரயில்வே கிளப்பின் நாடகத் திரையை மாமா எழுதியிருந்தார். அதைப் பார்த்துவிட்டு ஸ்டூடியோக்காரர் சொன்னார்:

"கர்ட்டன் எழுத எங்ககிட்ட நெறைய பேர் இருக்காங்க சார். ட்ரிக் ஷாட் தெரிஞ்சவர்தான் கெடைக்கல. மார்கழிக் கடைசில மறுபடி வருவேன். ஏதாவது எடுத்து வெச்சிருந்தீங்கன்னா காட்டுங்க, பார்க்கறேன்."

வாசல் வரை வந்தவருக்கு விடைகொடுக்கும்போது சொல்லும் பேச்சு அது. மாமா அதைப் பிடித்துக்கொண்டார். செவ்வாய்க் கதையைப் படமெடுத்துக் காட்டுவது என்று தீர்மானித்தார். அங்கே போனால் தான் சொல்வதை மற்றவர்கள் வரைவார்கள் என்று நம்பினார். "ஸ்டூடியோல கை வாணாண்டா, கண்ணு போதும்" என்று என்னிடம் திரும்பத் திரும்பச் சொன்னார். திரும்பத் திரும்பச் சொன்னதால் எனக்குச் சந்தேகம் வந்தது.

சாவி கொடுத்து ஓட்டும் சின்ன சினிமா காமிரா ஒன்று போர்மேன் துரையிடம் இருந்தது. அவர் கிறிஸ்துமஸ் முடிந்ததும் சீமைக்குக் கப்பல் ஏறுவதாக இருந்தார். அதுவரை வைத்துக்கொள்ளச் சொல்லிக் கொடுத்தார். திருமலகிரி பட்டாளத்தில் கெடு தாண்டியதென்று கழித்துப் போட்ட பிலிம் சுருள் மூன்று கிடைத்தது. கழுவினால் அதுவே படமாகிவிடும் வகை. பிரதி எடுக்க முடியாது, கெட்டுப்போனால் வேறு சுருளும் கிடையாது. காமிராவின் சாவியை மாமாவால் முறுக்க முடியவில்லை. அதனால் காமிரா என் கைக்கு வந்தது.

செவ்வாயைக் கண்ணாடியில் வரைவது என்று மாமா முடிவு செய்தார். பெரிய அதிகாரிகளின் சலூன் பெட்டியில் மாற்றிப் போட்ட பெரிய ஜன்னல் கண்ணாடி ஒன்று. அதன் மேல்பாதியில் மலைகள், இரண்டு நிலாக்கள், கூரையிட்ட ஒரு பிளாட்பாரம், தண்ணீர்த் தொட்டி, ஒரு கைகாட்டி. கீழ்பாதியை வெறுமையாக விட்டுவிட வேண்டும். கண்ணாடியைக் காமிராவுக்கு முன்னால் நிறுத்தினால் கீழ்பாதி வழியாக உண்மையான தண்டவாளமும் மனிதர்களும் தெரிவார்கள். வரைந்ததும் உண்மையும் ஒட்டிக்கொண்டு ஒரே இடமாகிவிடும்.

கார்த்திகை மாதம் முழுவதும் தாழ்வாரத்தில் அந்த வேலை நடந்தது. காலையில் அக்கா பழைய வேட்டியைக் கிழித்து, பிரஷ்ஷை அவர் விரல்களுக்கிடையில் வைத்துக் கட்டுவாள். மணிக்கட்டுக்கு அடியில் மரச்சில்லு ஒன்றைக் கொடுத்து இன்னொரு கட்டுப் போடுவாள். அவர் இடது கையால் வலது கையைத் தூக்கிக் கண்ணாடியில் வைப்பார்.

"மறுபடியும் அதே வெள்ளைதானா? அதத் தொடக்கூடாதுன்னு டாக்டர் சொன்னாரு இல்ல?"

"வேற வெள்ள எங்க கீது? நீ கட்டு."

"கட்றேன். இந்த சர்க்கஸுக்கு நான்தான் கட்டணும். ராத்திரி வயித்தப் புடிச்சிகினு உருண்டா நான்தான் ஒத்தடம் குடுக்கணும்."

"இறுக்கிக் கட்டுடி. நிலா வரையணும். வட்டம் கோணிப்பூடும்."

நிலா கோணவில்லை. சாயங்காலம் வெளிச்சம் மங்கும்போது கட்டை அவிழ்த்தால், துணி பதிந்த தடம் அவர் விரல்களில் இருக்கும். பிளாட்பாரத்தில் ஊர்ப்பெயர்ப் பலகை ஒன்றும் வரைந்தார். எங்கள் ஸ்டேஷன்களில் இருப்பதுபோலவே மூன்று வரி. மூன்றும் எந்த மொழியிலும் இல்லாத எழுத்து. அந்தப் பலகைக்கு மட்டும் பல நாள் எடுத்துக்கொண்டார். ஈறு வலியில் சாப்பிட முடியாமல் கஞ்சி குடித்துக்கொண்டிருந்த நாட்கள் அவை.

முதல் சுருளில் ராக்கெட் புறப்படும் காட்சியை எடுத்தோம். இரண்டாவதில் கறுப்புக் கம்பளிக்கு முன்னால் தகர ராக்கெட் ஒன்றைக் கயிற்றில் கட்டி ஆட்டினோம். இரண்டும் நன்றாகவே போயின. செவ்வாய்க்கு மிச்சமிருந்தது மூன்றாவது சுருள்.

ஒர்க்‌ஷாப்புக்குப் பின்னால் உபயோகத்தில் இல்லாத ஒரு சைடிங், அதாவது கிளைத் தண்டவாளம், உண்டு. லேசான சரிவு. லைன் பார்க்கப் போகும் தள்ளு டிராலி ஒன்றின் மேல் மூங்கிலும் தகரமும் வைத்து ராக்கெட் கட்டினோம். ஓட்டுநர் எங்கள் பக்கத்து வீட்டு பாய். வேலூர்க்காரர், ஷண்டிங் இன்ஜின் டிரைவர். செவ்வாய்வாசிகள் பெயிண்ட் ஷாப் ஆட்கள். எல்லோருடைய முகத்திலும் இட்லித் தட்டு. குழிகளில் இரண்டை ஓட்டை போட்டுக் கண் வைத்திருந்தோம். அக்காவின் தட்டுகள்தான்.

"கண்ணு வெச்சிட்டீங்க. இனிமே அதுல மாவு ஊத்துனா அது என்னைப் பாத்துகினே வேகும்" என்றாள் அக்கா. பாய் சிரித்துச் சிரித்து இருமினார். அந்த ஞாயிற்றுக்கிழமை காலையில் மாமாவும் கொஞ்சம் சிரித்தார்.

காமிராவை முக்காலியில் நிறுத்தினேன். முன்னால் மரச்சட்டத்தில் கண்ணாடி. மாமா என்னை விலக்கிவிட்டுக் கண் வைத்துப் பார்த்தார். சட்டத்தை அரை விரல் நகர்த்தச் சொன்னார். பிறகு நான் பார்த்தேன். இட்லித் தட்டு முகங்கள் செவ்வாயின் பிளாட்பாரத்துக்குக் கீழே, இரண்டு நிலாவின் அடியில் நின்றன. நான் நின்ற இடம் லாலாகுடா என்பது ஒரு கணம் மறந்துவிட்டது.

"ராக்கெட் வருது. நீங்க மாலையோட நிக்கிறீங்க. அது நிக்காதுன்னு தெரிஞ்சதும் பயந்து கையத் தூக்கிகினு ஓடறீங்க. அவ்ளோதான்" என்றார் மாமா.

பச்சைக் கொடி காட்டினார். ராக்கெட் சரிவில் இறங்கியது. வேகம் சேர்ந்தது. செவ்வாய்வாசிகள் மாலையைப் போட்டுவிட்டு இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கினார்கள். ராக்கெட் கிறீச்சென்று அவர்களுக்கு முன்னால் நின்றது. மரியாதையாக நின்றது.

நான் காமிராவை நிறுத்தினேன்.

"பாய், கைக்கு நிறுத்தினே?" என்றார் மாமா. கைக்கு என்றால் ஹைதராபாத் உருதுவில் ஏன்.

"நான் எங்க நிறுத்தினேன்? கை நிறுத்திச்சு."

கொடி இல்லாத இடத்தில் இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கிக் காட்டினால் அபாயம், வண்டியை நிறுத்து என்று அர்த்தம். ரயிலில் வேலைக்குச் சேர்ந்த அன்றே சொல்லிக்கொடுப்பது. பாய் அதைப் பார்த்து நிறுத்தாமல் போன நாள் அவர் வாழ்க்கையில் இல்லை.

"இந்தத் தடவ பிரேக்கைத் தொடாதே."

"ஹவ், தொடமாட்டேன்" என்று பாய் தலையாட்டினார்.

டிராலியை மேலே தள்ளிக்கொண்டு போனார்கள். இரண்டாவது முறையும் கைகள் உயர்ந்தன, பிரேக் விழுந்தது. பாய் தன் கையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பெயிண்ட் ஷாப் ஆட்களில் ஒருவர் இட்லித் தட்டைக் கழற்றிக்கொண்டு, "பாய் இருக்கிற வரைக்கும் செவ்வாய்ல ஒரு ஆக்சிடெண்ட் நடக்காது" என்றார். யாரும் சிரிக்கவில்லை. காமிராவில் மீதிச் சுருள் எவ்வளவு என்று காட்டும் முள்ளை மாமா பார்த்துக்கொண்டிருந்தார்.

"கையத் தூக்காம பயப்படுங்க" என்றார் செவ்வாய்வாசிகளிடம். "காலப் புடிச்சிக் கேக்கறேன். கையத் தூக்காதீங்க."

அதோடு நிற்காமல், பிரேக் கட்டையைக் கயிற்றால் சட்டத்தோடு கட்டச் சொன்னார். பாய் மறுத்தார். "நக்கோ. பிரேக் இல்லாம வண்டி எடுக்கறது என்னால ஆவாது." மாமா அவர் முன்னால் போய் நின்றார். வலது கையை இடது கையால் தூக்கிக் காட்டினார். பாய் தலையைக் குனிந்துகொண்டு ஏறி உட்கார்ந்தார்.

மூன்றாவது முறை ராக்கெட் முன்னைவிட வேகமாக வந்தது. பிரேக் இல்லாத டிராலி வருகிறது என்று செவ்வாய்வாசிகளுக்குத் தெரியும். உண்மையான பயத்தில் ஒருவர் பாக்கியில்லாமல் கையைத் தூக்கினார்கள். பாய் பிரேக்கைத் தேடினார். கட்டியிருந்தது, அசையவில்லை. அவர் வெளியே குதித்து, தண்டவாளத்து ஓரம் கிடந்த மரக்கட்டையைச் சக்கரத்துக்கு முன்னால் தள்ளிவிட்டார். டிராலி எகிறிப் பக்கவாட்டில் கவிழ்ந்தது. ராக்கெட்டின் மூங்கில் மூக்கு கழன்று எங்களை நோக்கி வந்தது. நான் காமிராவை முக்காலியோடு கட்டிப்பிடித்துக்கொண்டேன். கண்ணாடி உடைந்த சத்தம் கேட்டது. விசையிலிருந்து என் விரல் எடுபடவில்லை, காமிரா ஓடிக்கொண்டே இருந்தது.

பாய்க்கு முழங்காலில் தோல் போயிருந்தது. வேறு யாருக்கும் ஒன்றுமில்லை. மாமா கண்ணாடித் துண்டுகளுக்கு நடுவில் உட்கார்ந்தார். ஒரு நிலா முழுசாகக் கிடந்தது. அதை எடுக்கப் போனார், விரல் பிடிக்கவில்லை, நழுவியது. அக்கா கூடையோடு வந்து பொறுக்கினாள். காமிராவில் சுருள் தீர்ந்திருந்தது.

"போச்சு. வண்டி போகவே இல்லியே. நிக்காம போறதுதானே கதை" என்றார்.

பம்பாய்க்கு அனுப்பிய சுருள்கள் கழுவித் திரும்பி வந்த மறுநாள் ஸ்டூடியோக்காரரும் வந்துவிட்டார். வெட்ட, ஒட்ட நேரமில்லை. மூன்றையும் வரிசையாகச் சேர்த்தோம். கிளப்பில் புரொஜெக்டர் இருந்தது. ஜன்னல்களைத் தார்ப்பாயால் மூடிக் காலையிலேயே ஓட்டினோம். அவர், மாமா, நான், பின்னால் கதவோரம் அக்கா. மாமா குளிருக்குப் போர்த்துவதுபோல ஒரு சால்வையைப் போர்த்தி, கை அதற்குள் இருக்கும்படி உட்கார்ந்திருந்தார்.

ஆட்டுக்குட்டிக்கு ஸ்டூடியோக்காரர் சத்தமாகச் சிரித்தார். கயிற்றில் ஆடிய ராக்கெட்டுக்குப் பொதுவாகத் தலையாட்டினார். செவ்வாய் வந்தது. ராக்கெட் நின்றது. மறுபடியும் வந்து நின்றது. "என்ன சார் இது, ரொம்ப ஒழுங்கான கெரகமா இருக்கே" என்றார். இருட்டில் மாமா மூச்சு விடுவது எனக்குக் கேட்டது. மூன்றாவது முறை ராக்கெட் வந்தது, கவிழ்ந்தது. மலை, பிளாட்பாரம், நிலா எல்லாவற்றின் குறுக்கே ஒரு விரிசல் ஓடியது. செவ்வாயின் வானம் துண்டு துண்டாகக் கீழே விழுந்தது. அதற்குப் பின்னால் ஒர்க்‌ஷாப் புகைக்கூண்டு நின்றது.

ஸ்டூடியோக்காரர் எழுந்து நின்றுவிட்டார்.

"அது கண்ணாடியா?"

"ஆமாங்க" என்றார் மாமா.

"நான் ஏதோ ஸ்டேஷன்ல போய் எடுத்திருக்கீங்கன்னு நெனச்சேன். அந்த மலை கோல்கொண்டா பக்கம்னு நெனச்சேன். யாரு வரைஞ்சது?"

"நான்தாங்க."

"மறுபடி போடுங்க தம்பி, அந்த இடத்த மட்டும்." போட்டேன். அவர் திரைக்குப் பக்கத்தில் போய் நின்று பார்த்தார். தார்ப்பாயை விலக்கச் சொன்னார். உட்கார்ந்ததும் வேறு மனிதராகப் பேசினார். புதுப் படத்தில் மாயக் கோட்டை ஒன்று வருகிறது, கட்டினால் முதலாளி கையைக் கடிக்கும், இப்படிக் கண்ணாடியில் முடித்துவிடலாம், தை மாதமே கிளம்பி வரவேண்டும், குடும்பத்துக்கு ஸ்டூடியோ பக்கத்திலேயே வீடு பார்த்துவிடலாம் என்றார். கதவோரம் அக்கா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு நின்றாள்.

பிறகு அவர் ஒரு காகிதத்தையும் பென்சிலையும் மேசை மேல் வைத்தார். "கோட்டை வாசல் எப்படி இருக்கலாம்? சும்மா ரெண்டு கோடு போட்டுக் காட்டுங்க. நான் இன்னிக்கு வண்டிக்குக் கிளம்பணும். முதலாளிக்குக் காட்ட ஏதாவது வேணும்."

மாமா பென்சிலைப் பார்த்தார்.

"அவருக்குக் கையில வெந்நி கொட்டிடிச்சிங்க. அடுத்த வாரம் வரைஞ்சி அனுப்புவாரு" என்றாள் அக்கா. வெளி ஆண்களிடம் அவள் முதலில் பேசி நான் கேட்டதில்லை.

"அடடா. அதனால என்ன, ஆறினதும்..."

"வெந்நி கொட்டலிங்க" என்றார் மாமா. சால்வையை விலக்கி, இடது கையால் வலது கையை எடுத்துக் காகிதத்தின் மேல் வைத்தார். "இதாலதான் வரைஞ்சேன். கட்டி உட்டா வரைவேன். நேரம் ஆவும். நான் சொன்னா மத்தவங்க வரையட்டுங்க. கண்ணு நல்லாதான் கீது."

ஸ்டூடியோக்காரர் அந்தக் கையைக் கொஞ்ச நேரம் பார்த்தார். அருவருப்பு இல்லை. தெரிந்த ஒன்றைப் பார்க்கும் பார்வை.

"வெள்ளையா?"

"ஆமாங்க."

"எங்க செட்டுலயும் அதேதான். ரெண்டு பேருக்கு இப்படி ஆயி ஊருக்குப் போயிட்டாங்க." காகிதத்தை மெதுவாகக் கைக்கு அடியிலிருந்து உருவினார். "அங்க ரூம் ரொம்பச் சின்னது சார். பூரா அந்த நெடிதான். வந்தீங்கன்னா மத்த கையும் போயிடும். உங்க சம்சாரம் முன்னாடி பொய் சொல்ல வரல எனக்கு."

"போனா போவட்டுங்க."

"நீங்க சொல்லலாம். நான் கூட்டிட்டுப் போக முடியாது."

ஸ்டூடியோக்காரர் வெளியே வந்து என்னிடம் மாமா நல்ல கலைஞர் என்று சொன்னார். உள்ளே அதைச் சொல்லவில்லை. ஜட்காவில் ஏறும்போது, ஈயத்துக்குப் பால் நல்லது, நிறையக் கொடுங்கள் என்றார்.

பொங்கல் கழிந்து டாக்டர் எழுத வேண்டியதை எழுதினார். மாமாவின் மேலாளான சார்ஜ்மேன் முயன்று, வீட்டைக் காலி செய்ய ஒரு மாதம் தவணை வாங்கிக் கொடுத்தார். அந்த மாதம் முடிவதற்குள், குவார்ட்டர்ஸ் கிடைத்த புது ஆள் வீட்டைப் பார்க்க வந்தார். மாமாவின் இடத்துக்கு எடுத்த பெயிண்டர். ஜோலார்ப்பேட்டைக்காரர், மனைவியும் கைக்குழந்தையும் கூட வந்திருந்தார்கள். அந்தப் பெண் அக்காவிடம் தண்ணீர் எத்தனை மணிக்கு வரும் என்று கேட்டுக்கொண்டிருந்தாள். அந்த ஆளின் நகக்கண்களில் வெள்ளை இருந்தது.

"சாப்பிடறதுக்கு முன்னாடி துணியில தொடச்சிகினு உக்காந்துடாதீங்க. சோப்பு போட்டுக் கழுவுங்க. நகத்துக்கு உள்ள கழுவுங்க" என்றார் மாமா.

"சரிங்கண்ணே" என்றார் அவர். கட்டில் எந்தச் சுவரோரம் போடலாம் என்று அறையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.